லயனல் வென்ட்டின் இருட்டறை

கொழும்பு லயனல் வென்ட்டுக்கு நாடகம் பார்க்கப் போகிற பலருக்கு அது ஒரு மண்டபத்தின் பெயர் மட்டும்தான். ஆள் (1900–1944) சட்டம் படித்தவர், பியானோ கலைஞர், இலங்கையின் நவீன ஓவியர்கள் சேர்ந்த '43 குழு'வைத் தொடங்கியவர்களில் ஒருவர், 1934இல் வந்த 'சோங் ஒஃப் சிலோன்' ஆவணப்படத்தின் பின்னணிக் குரல். என் கணக்கில், புகைப்படக் கலைஞராக அவர் இருட்டறையில் படம் கழுவிய வேலைதான் உச்சம்.

அவர் கையாண்ட சோலரைசேஷனை (பாதி கழுவிய படத்துக்கு மறுபடி லைட் காட்டி, சாயல்களை ஓரளவு தலைகீழாக்கும் முறை) முயல்கிறவர்களுக்கு: பிரின்ட் டெவலப்பரில் (படத்தைத் தெளிய வைக்கும் கரைசல்) பாதி தெளிந்ததும் தட்டை ஆட்டாமல் விட்டு, மங்கல் பல்பை ஒன்றிரண்டு செக்கன் போட்டு அணையுங்கள். பிறகும் ஆட்டக் கூடாது. கறுப்பும் வெளுப்பும் சந்திக்கிற ஓரத்தில், படம் தெளியும்போது வெளிவருகிற புரோமைட் தேங்கினால்தான் வெளிர் கோடு விழும். லைட் கூடினால் முழுப் படமும் சாம்பல். கொழும்பு பைப் தண்ணீர் டெவலப்பருக்கு வேண்டிய 20 பாகைக்கு இறங்காது. ஐஸை வெளித்தட்டில் போடுங்கள், டெவலப்பருக்குள் போட்டால் கரைசல் ஐதாகிவிடும்.