உள்ளே போனால் திரும்பாதே

மிகைபுனைவு எழுதுகிறவர்கள் தங்கள் உலகத்தில் ஒரு மாய நிலத்தை வைத்துவிட்டு, அதற்குள் எது வேண்டுமானாலும் நடக்கும் என்று விட்டுவிடுவதுண்டு. மரம் பேசும், கல் பறக்கும், செத்தவர் எழுந்து வருவார். இரண்டே பக்கத்தில் வாசகருக்கு அது பழகிவிடும். ஒரே ஒரு விதி மட்டும் பிசகி, மற்றதெல்லாம் ஒழுங்காக இருக்கும் இடம்தான் வயிற்றைக் கலக்கும். எந்த விதி, எத்தனை மடங்கு என்பதை முதல் வரி எழுதும் முன்பே தாளில் குறித்துக்கொள்ளுங்கள்.

தூரத்தை வளைப்பதுதான் எனக்குப் பிடித்தது. அதில் கிடைக்கிற அளவுக்கு வேறு எதிலும் கிடைக்காது. வட்டமான ஒரு காடு என்று வையுங்கள். வெளிவிளிம்பைச் சுற்றினால் 3140 காலடி. அப்படியானால் குறுக்கே 1000 காலடிதான் இருக்க வேண்டும். போனவர் எண்ணிப் பார்த்தால் 2500. சுருக்குப் பை மாதிரி, வாய் சிறிது, வயிறு பெரிது. இது வெறும் கற்பனை இல்லை. பூமியின் நடுக்கோட்டைச் சுற்றினால் ஏறக்குறைய 40,075 கிலோமீட்டர். அதன் ஒரு புள்ளியிலிருந்து துருவத்தின் வழியாக நேர் எதிர்ப்புள்ளிக்குப் போனால் ஏறக்குறைய 20,000. வகுத்தால் 3.14 வராது, 2 தான் வரும். வளைந்த பரப்பில் இதெல்லாம் சாதாரணம்.

அடுத்த கேள்வியில்தான் பலர் சறுக்குகிறார்கள். இடம் நீளும்போது உள்ளே இருக்கிற ஆளும் கயிறும் சேர்ந்து நீள்கிறார்களா? நீண்டால் கதையே இல்லை. அளவுகோலும் கூடவே வளைவதால் யாருக்கும் எதுவும் தெரியாது. ஆகவே இடம் மட்டும் பெருகட்டும், பொருள்கள் அப்படியே இருக்கட்டும். இப்போது 1000 காலடிக் கயிற்றை வெளியே ஒரு மரத்தில் கட்டிவிட்டு உள்ளே போகிறவருக்கு, கயிறு தீரும்போது காட்டின் நடுவைக்கூட எட்டியிருக்க முடியாது.

இனி அந்த 2.5 மடங்கை விடாமல் துரத்துங்கள். நீளமும் அகலமும் 2.5 மடங்கு என்றால் பரப்பு 6.25 மடங்கு. மேகம் மட்டும் பழைய அளவுதான். வெளியே 60 மில்லிமீட்டர் மழை பெய்தால் உள்ளே 10 மில்லிமீட்டர்கூடத் தேறாது. வெயிலும் அதே கணக்கில் ஆறில் ஒரு பங்குக்குச் சுருங்கிவிடும். அடர்ந்த பசுங்காடு என்று முதல் அத்தியாயத்தில் எழுதியிருந்தால் இங்கே மாட்டிக்கொள்வீர்கள். அங்கே நிற்கக்கூடியது நட்டநடுப் பகலிலும் மூட்டம் போட்டது போன்ற வெளிச்சத்தில் வளரும் வறண்ட புதர்க்காடுதான். பசுமை வேண்டுமென்றால் நிலத்தடி ஊற்று ஒன்று வையுங்கள். அப்போதும் நிழலில் வளரும் செடிகளே பொருந்தும்.

விளிம்பைத்தான் கவனமாகச் செய்ய வேண்டும். கோடு கிழித்தது போன்ற எல்லை வேண்டாம். இருபது முப்பது காலடி அகலத்துக்குப் படிப்படியாக மாறட்டும். அந்தப் பட்டையில் சாய்வாக இறங்கும் வண்டியின் ஒரு சக்கரம் முதலில் நீண்ட வெளிக்குள் போய், மணலில் இறங்கியது போலப் பின்தங்கும். மறு சக்கரம் முந்தும். வண்டி தானாக உள்நோக்கித் திரும்பும். இடக்காலும் வலக்காலும் ஒரே அளவில் எட்டுவைக்கிற மனிதருக்கும் இதே கதிதான். ஒளியும் கண்ணாடிக்குள் நுழையும்போது இப்படித்தான் வளைகிறது. தண்ணீர் நிரம்பிய உருண்டைக் குவளைக்குப் பின்னால் சற்றுத் தள்ளி ஓர் அம்புக்குறியை வைத்தால் அது திசை மாறித் தெரியுமே, அதைப் போல இந்தக் காட்டின் ஊடாகப் பார்த்தால் தொலைவிலுள்ள மலைகள் இடம் வலமாகத் தெரியும்.

வெளியே வருவதுதான் சிக்கல். உள்ளிருந்து விளிம்பை நோக்கி வருகிறவரின் பாதை, விளிம்புக்குச் செங்குத்தாகத் தரையில் கிழித்த கோட்டிலிருந்து ஏறக்குறைய 24 பாகைக்கு மேல் சாய்ந்திருந்தால், பட்டை அவரைத் திருப்பி உள்ளேயே அனுப்பிவிடும். கண்ணாடி இழைக்குள் ஒளி சிறைப்படுவது இதே காரணத்தால்தான். அவர் நேராகத்தான் நடப்பதாக நினைப்பார்; திகைப்பூண்டை மிதித்தவர் போலச் சுற்றிக்கொண்டே இருப்பார். காடு முழு வட்டமாக இருப்பதால், வெளியிலிருந்து நுழைந்து கடைசிவரை நேராக நடந்தவருக்கு இந்த ஆபத்து கிடையாது. எந்தச் சாய்வில் நுழைந்தாலும் அதே சாய்வில் மறுபக்கம் வெளியேறிவிடுவார். நடுவில் பயந்து திரும்பியவர்தான் சிக்குகிறார். தப்பிக்க வழி உண்டு. பட்டைக்குள் வெளிப்பக்கம் போகப் போக வெளிச்சம் கூடும். எந்தத் திசையில் மிக வேகமாகக் கூடுகிறதோ, அந்தத் திசையைப் பத்து எட்டுக்கு ஒருமுறை பார்த்துப் பார்த்துத் திருத்தி நடக்க வேண்டும். இரவில் இது முடியாது.

காலத்தை வளைக்க ஆசைப்படுகிறவர்கள் மடங்கைச் சிறிதாக வையுங்கள். உள்ளே காலம் பாதி வேகம் என்று எழுதினால், உள்ளே ஏற்றிய விளக்கின் ஒளி சிவப்பையும் தாண்டி இறங்கி வெளியே கண்ணுக்கே தெரியாமல் போகும். உள்ளே இருப்பவர்கள் மீதோ வெயில் நான்கு மடங்காகக் கொட்டும். உள்ளே 18 நாள், வெளியே 19 நாள் என்பது போதும். உள்ளே ஊதும் குழல் வெளியே நிற்பவருக்கு ஏறக்குறைய அரைச் சுரம் இறங்கிக் கேட்கும். விளக்கு சற்றுச் செம்மை கூடித் தெரியும். ஒரு வருடக் கடனுக்கு உள்ளே 365 நாள், வெளியே 385. வட்டி யார் கணக்குப்படி என்று ஒரு வழக்கே நடத்தலாம். ஒரே நிலத்தில் தூரத்தையும் காலத்தையும் சேர்த்து வளைக்காதீர்கள். எந்த விளைவு எதனால் வந்தது என்று வாசகரால் பிரித்தறிய முடியாது.

பெயரை விளிம்பில் வாழும் மக்களிடம் விட்டுவிடுங்கள். தினமும் பார்க்கிற ஒன்றை யாரும் மாமாயப் பெருவெளி என்று அழைக்க மாட்டார்கள். கானலுக்குப் பேய்த்தேர் என்று பெயர் வைத்த மொழி நம்முடையது. பிள்ளைகளுக்கு அவர்கள் சொல்லிக்கொடுப்பதும் ஒரே வரியாகத்தான் இருக்கும்: "உள்ளே போனால் திரும்பாதே." வெளியூர்க்காரருக்கு அது சாபமாகக் கேட்கும்.