ஜான் பிரைனைத் தேடி கென்டக்கிக்கு

அமெரிக்கப் பாடகரும் பாடலாசிரியருமான ஜான் பிரைனின் மண்ணைப் பார்க்கப் போனேன். டென்னசி மாநிலத்தின் நாஷ்வில் விமான நிலையத்தில் கார் வாடகைக்கு எடுக்கும்போதே எரிச்சல் தொடங்கிவிட்டது. இணையத்தில் காட்டிய வாடகை ஒன்று, கவுண்டரில் கேட்ட தொகை வேறு. காப்பீடு, அது இது என்று சேர்த்து ஏறக்குறைய இரட்டிப்பாக்கிவிட்டார்கள். வேண்டாம் என்று சொல்லவும் வழியில்லை; நான் போக வேண்டிய இடத்துக்கு பஸ் கிடையாது. பிராட்வே தெருவில் காரை நிறுத்தக் கொடுத்த காசில் இரண்டு வேளை வயிறாரச் சாப்பிட்டிருக்கலாம். அங்கே மதுக்கடைக்கு மதுக்கடை ஒலிபெருக்கி அலறுகிறது, பாட்டின் ஒரு வரிகூட விளங்கவில்லை. வரிகளுக்காகப் பாட்டுக் கேட்பவர்கள் அந்தத் தெருப் பக்கமே போக வேண்டாம்.

பிரைன் வரிகளுக்காகவே கேட்க வேண்டியவர். 1946இல் சிகாகோவை ஒட்டிய மேவுட்டில் பிறந்தார். ராணுவத்தில் இருந்து திரும்பித் தபால்காரரானார். வீடு வீடாகக் கடிதம் போட்டுக்கொண்டே மனதுக்குள் பாட்டுக் கட்டினார். 1970இல் திரைப்பட விமர்சகர் ரோஜர் ஈபர்ட் அவர் பாடுவதைக் கேட்டுவிட்டு நாளிதழில் எழுத, அடுத்த ஆண்டே முதல் இசைத்தட்டு வந்தது. பிள்ளைகள் பிரிந்துபோன முதிய தம்பதி, போதைப் பழக்கத்தோடு போரிலிருந்து திரும்பிய சிப்பாய் என்று அதில் வரும் மனிதர்களைப் பாருங்கள். இருபத்து நான்கு வயதுக்காரருக்கு முதுமை எப்படி இவ்வளவு துல்லியமாகப் பிடிபட்டது என்று இன்றும் எனக்கு வியப்புத்தான்.

அதே இசைத்தட்டில்தான் 'பாரடைஸ்' என்ற பாட்டு இருக்கிறது. கென்டக்கி மாநிலத்தின் மேற்கே உள்ள மியூலன்பர்க் கவுண்டி (நம் மாவட்டம் போன்றது) அவருடைய பெற்றோரின் மண். அங்கே கிரீன் ஆற்றங்கரையில் இருந்த சிற்றூரின் பெயர்தான் பாரடைஸ். சுற்றுப்புற நிலத்தை நிலக்கரிக்காகத் தோண்டிச் சிதைத்தார்கள், பக்கத்தில் அனல்மின் நிலையம் வந்தது, 1967இல் ஊரையே இடித்துவிட்டார்கள். பிரைன் தன் அப்பாவுக்காக எழுதிய பாட்டு இது. ஒலிநாடாவைப் போட்டுக் காட்டியபோது, அப்பா எழுந்து பக்கத்து இருட்டறைக்குள் போய் உட்கார்ந்து கேட்டாராம். காசு போட்டால் பாட்டு ஒலிக்கும் ஜூக்பாக்ஸ் பெட்டியில் கேட்பதுபோல இருக்க வேண்டும் என்பதற்காக! இந்த ஒரு செய்திக்காகவே நான் இவ்வளவு தூரம் போகலாம்.

நாஷ்வில்லில் இருந்து வடக்கே ஏறத்தாழ இரண்டு மணி நேரத்தில் ராச்செஸ்டர் தடுப்பணை வந்துவிடும். சேற்று வாடையோடு பழுப்பு நிற நீர் சரிந்து ஓடுகிறது. கரையில் அவர் பெயரில் சிறு பூங்கா. நுழைவுக் கட்டணம் இல்லை, பாட்டை அலறவிடுவாரும் இல்லை. தன் சாம்பலை இந்த ஆற்றில் விடச் சொல்லி அந்தப் பாட்டிலேயே எழுதியிருந்தார். 2020 ஏப்ரலில் கொரோனா அவரைக் கொண்டுபோன பிறகு, சாம்பலில் பாதியை இங்கே கரைத்தார்கள். அந்த நிலக்கரி மின் நிலையமும் அதே ஆண்டுதான் மூடப்பட்டது.

சாப்பாட்டுக்கு ஓவன்ஸ்பரோ போங்கள். அமெரிக்காவில் ஆட்டிறைச்சி தேடி அலுத்தவர்களுக்கு இந்த ஊர் பெரிய ஆறுதல். முற்றிய செம்மறி ஆட்டை ஹிக்கரி விறகுப் புகையில் மணிக்கணக்கில் வேகவைக்கிறார்கள். விரலால் தொட்டாலே நார் நாராகப் பிரிகிறது. மிளகும் புளிப்புமான கருஞ்சாற்றை மேலே ஊற்றிக்கொள்ள வேண்டும். மட்டன், சோளம், உருளைக்கிழங்கு எல்லாம் போட்டுக் கெட்டியாகக் காய்ச்சும் 'பர்கூ' ஒரு கிண்ணம் வாங்கினால் இரவுச் சாப்பாட்டுச் செலவும் மிச்சம். நாஷ்வில் அறை வாடகையோடு ஒப்பிட்டால் இங்கே தங்குவதும் மலிவு. அடுத்த முறை நாஷ்வில்லில் ஓர் இரவுகூடத் தங்க மாட்டேன். விமானத்தில் இறங்கியதும் நேராக இங்கேதான்.