அரைப்புள்ளி

எங்கள் பக்கத்தில், செட்டிநாட்டு நகரத்தாரில், கல்யாணமான தம்பதி தங்கள் பிரிவின் கோவிலுக்கு ஒரு புள்ளி. ஒருவர் போய்விட்டால் மிஞ்சியவர் அரைப்புள்ளி. அப்பச்சி, என் அப்பா, தவறிய வருசம் கோவிலுக்கான புள்ளி வரிக்கு வந்தவர்கள் ஆத்தாவை, என் அம்மாவை, அரை என்று எழுதினார்கள். "வரியும் பாதிதானே" என்று சிரித்தாள். எனக்குத்தான் சிரிப்பு வரவில்லை.

வாரிசுச் சான்றிதழுக்கு இ-சேவை மையத்தில் 60 ரூபாய் கட்டிப் பதிந்தாயிற்று. சிக்கல் ஆத்தாவின் பெயரில் வந்தது. பள்ளிக்கூடச் சான்றிதழில் அவளுடைய அப்பத்தா பெயர். மாமியார் பெயரைச் சொல்லக்கூடாதென்று பெற்றவளே அப்படிக் கூப்பிட்டதில்லை. கூப்பிட்ட செல்லப்பெயர் ரேஷன் கார்டில் ஏறி, அங்கிருந்து ஆதாருக்கும் போய்விட்டது. பாங்க்கில் இன்னொன்று, அப்பச்சி எழுதிக் கொடுத்தது.

கிராம நிர்வாக அலுவலர் மூன்றையும் மேசையில் பரப்பி, "இதுல நீங்க யாரு ஆச்சி?" என்றார்.

"வைரவன்கோவிலுங்க."

பிறந்தது மாத்தூர்க் கோவில். கழுத்துரு, அதுதான் எங்கள் தாலி, ஏறியதும் பெண்ணுக்குப் புருசன் வீட்டுக் கோவிலாக மாறிவிடும். ஐம்பது வருசமாக அவளுக்கு அதுதான் விலாசம். பாவம் அந்த மனிதர், "ஊர் வேணாம் ஆச்சி, பேரு" என்றார்.

வீட்டுக்கு வந்ததும் இரும்புப் பெட்டியிலிருந்து இசைகுடிமானத்தை எடுத்தாள். கல்யாணத்தன்று இரு வீட்டாரும் எழுதிக்கொள்வது. ஓரத்தில் மஞ்சள் கறை, மடிப்பெல்லாம் பூச்சி அரித்திருந்தது. உள்ளே அவள் பெயர்: அப்பத்தா பெயரேதான். விரல் வைத்துப் படித்தாள். "இந்தப் பேருல என்னைய யாருமே கூப்பிட்டதில்ல."

தாலுகா ஆபீசில் அது செல்லுபடியாகவில்லை. மூன்று பெயரும் ஒருத்தியே என்று நோட்டரியிடம் பிரமாணப் பத்திரம் வாங்கிய பிறகுதான் மனு நகர்ந்தது. (இதே சிக்கல் இருப்பவர்கள் முதலிலேயே இதை வாங்கிவிடுங்கள். எனக்கு இரண்டு மாதம் வீண்.)

ஆதாரில் பெயரை ஆயுளுக்கு இரண்டு தடவைதான் மாற்றலாம். செல்லப்பெயரையே வைத்துக்கொண்டால் அலைச்சல் மிச்சம் என்பது என் கணக்கு. ஆத்தா மூன்று நாள் பிடிகொடுக்கவில்லை. நாலாம் நாள் வளவு என்கிற உள்முற்றத்துத் திண்ணையில் உட்கார்ந்து, பழைய வீட்டுக் கணக்குச் சிட்டையில் பிள்ளையார் சுழி போட்டு, எதையோ திரும்பத் திரும்ப எழுதிக்கொண்டிருந்தாள். எட்டிப் பார்த்தேன். அப்பத்தா பெயர்தான். முன்னால் இரண்டு இனிஷியல்: அவளுடைய அப்பச்சியுடையது ஒன்று, என் அப்பச்சியுடையது ஒன்று.

தலை நிமிராமலே கேட்டாள்: "ஃபாரத்துல இத்தனை கட்டம் இருக்குமா?"