தொழில்: கூலி

சேலம் அஸ்தம்பட்டியில் வக்கீல் குமாஸ்தாவாக இருபத்தைந்து வருஷம் ஓட்டிவிட்டேன். விபத்து வழக்கு மனுக்களில் நான் அதிகம் டைப் அடித்த சொல் 'கூலி'யாகத்தான் இருக்கும். கட்சிக்காரர் வந்து உட்கார்ந்ததும் பெயர், தகப்பனார் பெயர், வயது, அடுத்து தொழில். "கூலி வேலைதானுங்க" என்பார். நானும் அடித்துவிட்டு அடுத்த வரிக்குப் போய்விடுவேன்.

அது தப்பு என்று ஒரு கொலுசுத் தொழிலாளி விஷயத்தில்தான் உறைத்தது. 2008இல் வந்தார், வயது 34. வேன் மோதி வலது மணிக்கட்டு நொறுங்கியிருந்தது. பிளேட் வைத்தும் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் ஒன்றோடொன்று தொடவில்லை. டாக்டர் 35 சதவீத ஊனம் என்றார். அன்றைக்கு வழக்கத்தில் இருந்த கணக்குப்படி சதவீதத்துக்கு 2,000 என்று ஊனத்துக்கு 70,000 ரூபாய் தீர்ப்பானது. எங்கள் ஆபீஸில் யாருக்கும் வருத்தமில்லை. அவருக்கும் இல்லை.

செக் வாங்க வந்த நாளில் டீக்கடையில் பேச்சுவாக்கில், "முன்ன என்னண்ணா பண்ணிட்டிருந்தீங்க?" என்று கேட்டேன். மனு போடும் நாளில் கேட்டிருக்க வேண்டிய கேள்வி. செவ்வாய்ப்பேட்டைப் பட்டறையில் சாமணத்தால் வளையம் வளையமாக எடுத்துக் கோத்து, பொடி வைத்துப் பற்றவைக்கிற வேலையாம். சொல்லிக்கொண்டே அந்த இரண்டு விரலையும் சேர்க்கப் பார்த்தார். நடுவில் ஒரு பட்டாணி போகிற இடைவெளி.

அன்று ராத்திரி கணக்குப் போட்டேன். மாதம் 4,500 என்றே வைத்தாலும் வருஷத்துக்கு 54,000. இன்ன வயதுக்கு இத்தனை வருஷச் சம்பாத்தியம் என்று கோர்ட்டில் எடுத்துக்கொள்கிற பெருக்கல் எண், வயது 34க்கு 16. சம்பாத்தியத்தில் 60 சதவீதம் போனது என்றால் 5,18,400 வரும். அப்பீலுக்கான 90 நாள் அதற்குள் தாண்டியிருந்தது. அந்த மனுவில் தொழில் என்ற இடத்தில் 'கூலி' என்று அடித்தது நான்தான். வேறு யாரையும் சொல்ல முடியாது.

2010 அக்டோபரில் ராஜ்குமார் எதிர் அஜய்குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத்தான் பிரித்துச் சொன்னது. இடது காலுக்கு 45 சதவீத ஊனம் என்றால் உடம்பு முழுவதற்கும் 45 ஆகாது. உடம்புக்கு எத்தனை என்று தெரிந்தாலும் சம்பாத்திய இழப்பும் அதே அளவு என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. ஆள் முன்பு என்ன வேலை செய்தார், இப்போது எதைச் செய்ய முடியும், எதை முடியாது என்று பார்க்க வேண்டும். இடது கை போனவர் டிரைவரோ தச்சரோ என்றால் சம்பாத்தியம் ஏறக்குறைய நூறு சதவீதமும் போகலாம், அரசு குமாஸ்தா என்றால் வேலை போகாமலே இருக்கலாம் என்று உதாரணமும் கொடுத்தார்கள். அதன்பிறகு நாங்கள் டிரைவரைப் பிடித்துக்கொண்டோம், இன்ஷூரன்ஸ் வக்கீல்கள் குமாஸ்தாவைப் பிடித்துக்கொண்டார்கள். (ஒரு கையை வைத்துக்கொண்டு கேஸ் கட்டுக்கு நூல் கட்டிப் பார்த்தால் குமாஸ்தா பாடும் தெரியும்.)

2018இல் ஏற்காட்டிலிருந்து ஒருவர் வந்தார். வயது 41. கொண்டை ஊசி வளைவில் இறங்கி வந்த கார் தட்டி, வலது கணுக்கால் மடங்காமல் நின்றுவிட்டது. 30 சதவீதம் என்று சான்று. அவரும் "எஸ்டேட்ல கூலிங்க" என்றார். இந்தத் தடவை நான் விடவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை இருபது வளைவும் ஏறிப் போனேன். காப்பித் தோட்டத்தில் நிழலுக்கு நிற்கிற சில்வர் ஓக் மரங்களில் மிளகுக்கொடி உச்சிவரை போகிறது. மூங்கில் ஏணியைச் சாய்த்து, பாதத்தின் முன்பாதியை மட்டும் படியில் ஊன்றி, இரண்டு கையாலும் பறிக்க வேண்டும். உடம்பின் கனமெல்லாம் கணுக்கால் மேல்தான். ஏணியைப் போட்டோ எடுத்துக்கொண்டேன். மனுவில் 'மிளகு பறிப்பவர், மரம் ஏறுபவர்' என்று அடித்தேன்.

குறுக்கு விசாரணையில், "நடக்கிறீங்களா?" "நடக்கிறேனுங்க." "வேலைக்குப் போறீங்களா?" "போறேனுங்க." எங்கள் வக்கீல் கண்ணை மூடிக்கொண்டார். பொய் சொல்லத் தெரியாத கட்சிக்காரரை வைத்துக்கொண்டு படுகிற பாடு தனி. பிறகு எழுந்து, "இப்ப என்ன வேலை?" என்று ஒரே கேள்வி கேட்டார். "களத்துல உட்கார்ந்து மிளகு காயவைக்கிறேனுங்க. பெண்டுகளோட. கூலி பாதி."

தீர்ப்பாயம் சம்பாத்திய இழப்பு 50 சதவீதம் என்றது. மாதம் 9,000, வருங்கால உயர்வுக்கு 25 சதவீதம் சேர்த்து 11,250, பெருக்கல் எண் 14. ஊனத்துக்கு மட்டும் 9,45,000. பாதிக் கூலி என்று அவர் வாயால் சொன்னதுதான் அந்த 50.

பணம் எடுக்கும் மனுவில் கையெழுத்துப் போட வந்தவர் தீர்ப்பு நகலைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். சந்தோஷமாக இருப்பார் என்று பார்த்தால் முகம் சரியில்லை.

"இதுல என்னங்கண்ணா எழுதியிருக்கு?"

"உங்களால ஏணி ஏற முடியாதுன்னு."

நகலை நாலாக மடித்து என்னிடமே நீட்டினார். "இது இங்கயே இருக்கட்டுங்க. எஸ்டேட் ரைட்டர் பார்த்தா களத்து வேலையும் போயிரும்."