ஒன்றரை அடிச் சுவரும் ஓடாத ரயிலும்

1971 போரில் பாகிஸ்தானிடம் பிடிபட்ட இந்திய விமானிகளில் மூன்று பேர், திலீப் பரூல்கர், எம்.எஸ். கிரெவால், ஹரிஷ் சின்ஜி, 1972 ஆகஸ்டில் ராவல்பிண்டி முகாமின் சுவரைத் துளைத்து வெளியேறினார்கள். ஆப்கான் எல்லையை நெருங்கிய நிலையில் மாட்டிக்கொண்டார்கள். இதை ஆவணப்படமாக எடுக்க இறங்கியபோது கையில் கதை இருந்தது, காட்டத்தான் ஒன்றும் இல்லை. நம் பாஸ்போர்ட்டோடு ராவல்பிண்டியில் போய் கேமரா வைக்க முடியாது. தப்பித்துப் போகிறவர்களை யாரும் படம் பிடித்து வைத்திருக்கவும் மாட்டார்கள்.

நடிகர்களை வைத்து எடுக்கலாம் என்றார் தயாரிப்பாளர். எனக்கு ஒப்பவில்லை. ஒட்டு மீசையைப் பார்த்ததுமே பார்க்கிறவர் நம்புவதை நிறுத்திவிடுவார். சரி, ஆளுக்குப் பதில் சுவரைக் காட்டுவோம் என்று, ஒரு கொட்டகையில் பதினெட்டு அங்குலக் கனத்தில் செங்கல் சுவர் எழுப்பினோம். "கட்டச் சொல்லிட்டு நீங்களே தோண்டப் போறீங்களா சார்?" என்று கொத்தனார் சிரித்தார். சுண்ணாம்புக் கலவையா, சிமென்ட்டா என்று கேட்டதும் அவர்தான். எங்களுக்கு அது தோன்றவே இல்லை. இரண்டிலும் பாதிப் பாதி கட்டிப் பார்த்தோம்.

முள்கரண்டியால் கலவையைச் சுரண்டினால் சத்தம் அவ்வளவாக இல்லை. ஆனால் கல்லில் முனை பட்டால் 'கிறீச்' என்று கொட்டகையே கேட்கும். வெளியே காவலாளி நடந்துகொண்டிருக்கும்போது இதைச் செய்வதென்றால்? இன்னொன்று, குப்பை. ஒரே ஒரு கல்லை உருவுவதற்குள் தரையில் சேர்ந்த தூளை அள்ளினால் பக்கெட்டில் கணிசமாக ஏறிவிட்டது. படத்தில் நான் மிக நீளமாக விட்டிருக்கும் காட்சி அந்தத் தூள் விழுவதுதான். எடிட்டர் இன்னமும் முறைக்கிறார்.

வெளியேறிய பின் நடந்ததற்கு வரைபடமே போதுமாக இருந்தது. பெஷாவருக்குப் பஸ், அப்புறம் ஜம்ரூத், லண்டி கோட்டல். அங்கே அவர்கள் எல்லையை ஒட்டிய லண்டி கானாவுக்குப் போக வண்டி விசாரித்தார்கள். கைபர் கணவாயில் 1926-ல் லண்டி கோட்டலிலிருந்து லண்டி கானா வரை நீட்டிய ரயில் பாதைத் துண்டை 1932-லேயே மூடிவிட்டார்கள். பழைய வரைபடத்தில் மட்டும் நிலையத்தின் பெயர் மிச்சம். நாற்பது வருடமாக ரயில் போகாத ஊருக்கு வழி கேட்டால் உள்ளூர்க்காரருக்குச் சந்தேகம் வராமல் இருக்குமா? துரத்தல், துப்பாக்கி எதுவும் இல்லாமல் வழி கேட்டதிலேயே கதை முடிந்துவிட்டது. சினிமாக்காரர்களுக்கு ஏமாற்றம்தான். எனக்கு அந்த இடம்தான் படம்.

அந்தக் காலத்து ரயில்வே வரைபடம் ஒன்றைத் தேடிப் பிடித்து, நல்ல தரத்தில் ஸ்கேன் எடுத்து, கேமராவைக் கோட்டின் மேல் மெதுவாக நகர்த்தினோம். பின்னணி இசை வேண்டாம் என்று சொல்லிவிட்டேன்.

1972 டிசம்பர் 1 அன்று கைதிகள் வாகா வழியாகத் திரும்பினார்கள். அந்தக் காலத்துச் செய்திப்படத் துண்டுகளை நொடிக் கணக்கில்தான் விற்கிறார்கள். இருந்த பணத்துக்குக் கொஞ்ச நேரக் காட்சிதான் கட்டுப்படியானது. பேட்டி கொடுத்த ஒருவர் தன் ஆல்பத்திலிருந்து தந்த படங்களை வைத்து மீதியை ஒப்பேற்றினோம்.