சீனிக்கிழங்கு ரொட்டி: தை மாத நாட்குறிப்பு

ஜனவரி 17, 2025, வெள்ளி

பிறந்த வீட்டிலிருந்து பொங்கல்படியாக வந்த கிழங்குகளில் சிறுகிழங்கும் சேனையும் பண்டிகை நாளிலேயே தீர்ந்துவிட்டன. பனங்கிழங்கை மாலை நேரங்களில் அவித்துத் தின்று முடித்தாயிற்று. சீனிக்கிழங்கு, அதாவது சர்க்கரைவள்ளி, மட்டும் அரைச் சாக்கு அப்படியே கிடக்கிறது. திருநெல்வேலிப் பக்கத்து வீடுகளில் தை முதல் வாரத்தில் இது புதிதல்ல. உப்புப் போட்டு அவிப்பதும், வட்டமாக நறுக்கிக் கருப்பட்டிப் பாகில் போட்டு எடுப்பதும் தவிர இந்தக் கிழங்குக்கு எங்கள் அடுக்களையில் வேறு வழி வாய்த்ததில்லை. இந்த ஆண்டு மிச்சத்தை ஓவனில் ரொட்டியாகச் சுட்டுப் பார்ப்பதென்று முடிவு செய்திருக்கிறேன்.

நான் சொல்வது ஈஸ்ட் போட்டுப் பொங்கவிடும் ரொட்டி அல்ல. சமையல் சோடாவும் புளிப்பும் சேரும்போது எழும் கரியமில வாயுவை நம்பி, கலந்த கையோடு ஓவனுக்குள் தள்ளிவிடும் குயிக் பிரெட் வகை. பர்மிங்காமைச் சேர்ந்த ஆல்ஃபிரட் பேர்டு என்ற மருந்துக் கடைக்காரர், ஈஸ்ட் ஒத்துக்கொள்ளாத தம் மனைவிக்காக சோடாவும் அதற்கு ஈடான புளிப்புப் பொடியும் கலந்த பேக்கிங் பவுடரை 1843-இல் செய்தார் என்பார்கள். ஆனால், சீனிக்கிழங்கைப் பிசைந்து இப்படி ரொட்டி சுடும் வழக்கம் அமெரிக்காவில்தான் ஊன்றியது. அங்கே எழுதப்பட்ட செய்முறைகளில் பெரும்பாலானவை, உள்ளே ஆரஞ்சு நிறமும் மிகுந்த ஈரமும் கொண்ட கிழங்கை மனத்தில் வைத்து எழுதப்பட்டவை. நம் சந்தையில் கிடைப்பதோ, தோல் சிவந்து, உள்ளே வெளுத்து, வெந்தபின் தொண்டையில் விக்குகிற அளவுக்கு மாவாக இருக்கும் கிழங்கு. அந்த அளவுகளை அப்படியே எடுத்துக்கொண்டால் ரொட்டி வறண்டு போகும் என்பது கிழங்கைக் கையில் எடுத்தாலே தெரிகிறது. ஆகையால் கிழங்கை வேகவைப்பதிலிருந்தே கணக்கைத் தொடங்க வேண்டும்.

சாக்கைக் காற்றோட்டமான மூலைக்கு மாற்றினேன். குளிர்சாதனப் பெட்டியில் வைக்கச் சொன்னவர்களுக்கு மறுப்புச் சொல்லிவிட்டேன். ஏறத்தாழ 12 டிகிரிக்குக் கீழே போனால் இந்தக் கிழங்கின் நடுப்பகுதி இறுகிவிடும். பிறகு எவ்வளவு வேகவைத்தாலும் அந்தக் கட்டி கரையாது.

ஜனவரி 18, 2025, சனி

ஒரே அளவான கிழங்குகளைப் பிரித்து, ஒரு பங்கைத் தோல் சீவி நறுக்கித் தண்ணீரில் வேகவைத்தேன். இன்னொரு பங்கை இட்லிக் கொப்பரையில் ஆவியில் வைத்தேன். மூன்றாவது பங்கைத் தோலோடு முழுதாக ஓவனில் 160 டிகிரியில் ஒன்றரை மணி நேரம் சுட்டேன். பச்சைக் கிழங்கை வெட்டும்போது தோலுக்கு உட்புறம் வட்டமாகச் சொட்டும் பால், கத்தியில் ஒட்டிக் கறுத்து, நகத்தால் சுரண்டினாலும் போகாமல் பிடித்துக்கொள்கிறது. கத்தியில் முன்கூட்டியே எண்ணெய் தடவிக்கொள்வது நல்லது.

மூன்றும் ஒரே சாக்குக் கிழங்கு என்று சொன்னால் யாரும் நம்பமாட்டார்கள். தண்ணீரில் வெந்தது நீர் கோத்து, இனிப்பெல்லாம் வடித்த நீரோடு போய்விட்டது. ஆவியில் வெந்தது பரவாயில்லை. ஓவனில் சுட்டதோ தோலின் வெடிப்புகள் வழியாகப் பாகு கசிந்து, தட்டில் சொட்டி, அங்கேயே கருகிக் கண்ணாடிச் சில்லாக ஒட்டியிருந்தது.

அந்த இனிப்பு நாம் சேர்த்ததும் அல்ல, கிழங்கில் முன்பே முழுதாக இருந்ததும் அல்ல. சீனிக்கிழங்கில் பீட்டா அமைலேஸ் என்றொரு நொதி உண்டு. கிழங்கின் உட்புறம் ஏறத்தாழ 60 முதல் 75 டிகிரி வரையான சூட்டில் இருக்கும்போது அது மாவுச்சத்தை உடைத்து மால்டோஸ் என்ற சர்க்கரையாக மாற்றுகிறது. சூடு அதற்கு மேல் ஏறினால் நொதி செத்துவிடும். மைக்ரோவேவில் சில நிமிடங்களில் வேகவைக்கும் கிழங்கு சப்பென்று இருப்பதற்கும், அடுப்புச் சாம்பலில் புதைத்து எடுத்த கிழங்கு தித்திப்பதற்கும் காரணம் இதுதான்: மெதுவாகச் சூடேறுகிற கிழங்கு அந்த வெப்பநிலையில் நெடுநேரம் தங்குகிறது. ரொட்டி ஓவனுக்குள் போன பிறகு செய்யக்கூடியது கொஞ்சம்தான் என்று எனக்குத் தோன்றுகிறது. அதன் ருசியில் பெரும்பகுதி முந்தின நாளே இந்தச் சுடுதலில் முடிவாகிவிடுகிறது.

சுட்ட கிழங்கை உரித்துச் சல்லடையில் தேய்த்து எடுத்தேன். நூல் நூலாக நார் சல்லடையிலேயே தங்கிவிட்டது. தூக்கிப் பார்த்தால் கிழங்கு கால் பங்கு எடை குறைந்திருக்கும். போனது அத்தனையும் ஈரம்.

ஜனவரி 19, 2025, ஞாயிறு

அளவுகளை எழுதி வைக்கிறேன். தேய்த்த கிழங்கு 250 கிராம், மைதா 210 கிராம், உடன்குடிக் கருப்பட்டி 150 கிராம், அதைக் கரைத்து வடிகட்டக் கால் கோப்பை வெந்நீர், முட்டை இரண்டு, நல்ல புளிப்பேறிய தயிர் 120 கிராம், கடலை எண்ணெய் 100 மில்லி, பேக்கிங் பவுடர் ஒன்றரைத் தேக்கரண்டி, சமையல் சோடா கால் தேக்கரண்டி, உப்பு அரைத் தேக்கரண்டி, சுக்கு, ஏலம், துளி ஜாதிக்காய்.

சோடாவின் அளவில் கை நீளக் கூடாது. ஒரு கோப்பைத் தயிரின் புளிப்பு அரைத் தேக்கரண்டி சோடாவுக்குத்தான் ஈடுகொடுக்கும். அதற்கு மேல் போட்ட சோடா சூட்டில் உடைந்து, மிஞ்சும் காரம் (மிளகாயின் காரமல்ல, புளிப்புக்கு எதிரான தன்மை) நாக்கில் சோப்புச் சுவையாகத் தங்கிவிடும். கருப்பட்டியின் புளிப்பை நம்பாமல் தயிரை மட்டுமே கணக்கில் எடுத்துக்கொண்டேன். பதநீர் இறக்கும் கலயத்தில் சுண்ணாம்பு தடவுவது வழக்கம் என்பதால், அதில் புளிப்பு மிச்சமிருக்கும் என்று எதிர்பார்ப்பதும் சரியாக இராது.

ஈரமானவை ஒரு பாத்திரத்திலும் உலர்ந்தவை இன்னொன்றிலும் தனித்தனியே கலந்திருக்க வேண்டும். இரண்டையும் சேர்த்தபின் கரண்டியால் அடியிலிருந்து மேலாகப் பத்துப் பன்னிரண்டு முறை புரட்டினால் போதும். அங்கங்கே மாவுத் திட்டு தெரிந்தாலும் நிறுத்திவிட வேண்டும். பரோட்டாவுக்கு மாவு பிசைகிற நம் கைகளுக்கு இந்த இடம்தான் கடினம், ஏனென்றால் எவ்வளவு அடித்துப் பிசைகிறோமோ அவ்வளவு மென்மை என்று பழகியவர்கள் நாம். இங்கே அடிக்க அடிக்க மாவின் பசையம் (குளூட்டன்) இறுகி, வாயு வெளியேற வழியில்லாமல் ரொட்டிக்குள் எலி வளைபோல நீளமான துளைகள் விழும்.

வெண்ணெய்த்தாள் விரித்த ஒன்பதங்குல லோஃப் தட்டில் (நீளச் செவ்வக ரொட்டித் தட்டு) ஊற்றி 175 டிகிரியில் வைத்தேன். எங்கள் ஓவனின் குமிழ் காட்டும் எண்ணும் உள்ளே வைத்த வெப்பமானி காட்டும் எண்ணும் ஒத்துப்போவதில்லை, வெப்பமானியைத்தான் நம்புகிறேன். ஓரங்கள் முதலில் இறுகி, மேல் தோல் காய்ந்து, அதன் பிறகே நடுப்பகுதி பொங்கியதால் நீளவாக்கில் ஒரு வெடிப்பு விழுந்தது. கடையில் வாங்கும் கேக்கில் வெடிப்பைக் குறை என்பார்கள். இந்த வகை ரொட்டிக்கு அதுவே அடையாளம். 55 நிமிடத்தில் குச்சியில் ஈரம் ஒட்டியது. 65-இல் சுத்தமாக வந்தது.

ஜனவரி 20, 2025, திங்கள்

நேற்றுச் சூட்டோடு வெட்டியபோது உதிர்ந்த ரொட்டி இன்று காலையில் கத்திக்குப் பணிந்து துண்டு துண்டாக வந்தது. இரவெல்லாம் மூடி வைத்ததில் நடுவிலிருந்த ஈரம் ஓரத்துக்குப் பரவி, சுக்கும் ஏலமும் மாவோடு சேர்ந்திருந்தன. அத்தை ஒரு துண்டைத் தின்றுவிட்டு, “ஏளா, கேக்குன்னு சொன்ன, இது பலகாரமால்லா இருக்கு” என்றார்கள். பாராட்டாகத்தான் எடுத்துக்கொண்டேன்.

ஜனவரி 23, 2025, வியாழன்

மாதாந்திரப் பராமரிப்புக்காகக் காலை ஒன்பது முதல் மின்சாரம் இல்லை. வேறு மாவாக இருந்தால் கலந்து வைத்துக்கொண்டு காத்திருக்கலாம். இந்த மாவில் தயிர் பட்ட கணத்திலேயே சோடா வேலையைத் தொடங்கிவிடும். அரை மணி நேரம் வைத்திருந்தால் குமிழிகளில் பாதி காற்றோடு போய்விடும். கிழங்கை மட்டும் நேற்றிரவே சுட்டுத் தேய்த்து வைத்திருந்தேன். அது கெடாது, மூடி உள்ளே வைத்துவிட்டேன்.

ஜனவரி 26, 2025, ஞாயிறு

திருவனந்தபுரத்திலிருந்து விடுமுறைக்கு வந்த தம்பி, உள்ளே கருநீலமாக இருக்கும் கிழங்குகள் கொஞ்சம் கொண்டுவந்தான். அந்த ஊர் ஸ்ரீகாரியத்தில் 1963 முதல் இயங்கிவரும் மத்திய கிழங்குப் பயிர்கள் ஆராய்ச்சி நிலையம், ஊதாக் கிழங்கில் பூ கிருஷ்ணா என்றும் ஆரஞ்சுக் கிழங்கில் பூ சோனா என்றும் வகைகளை வெளியிட்டிருக்கிறது. வைட்டமின் ஏ குறைபாட்டைப் போக்க ஆரஞ்சுக் கிழங்கைப் பரப்பிய மரியா ஆண்ட்ராடே, ராபர்ட் முவாங்கா, ஜேன் லோ ஆகியோர் 2016-ஆம் ஆண்டின் உலக உணவுப் பரிசைப் பகிர்ந்துகொண்டவர்கள். ஆரஞ்சு கிடைத்திருந்தால் அமெரிக்கச் செய்முறையை அப்படியே சோதித்திருக்கலாம். கைக்குக் கிடைத்தது ஊதா.

ஊதாவுக்கு வேறு கணக்கு வேண்டும். அந்த நிறம் ஆந்தோசயனின் என்ற நிறமியால் வருவது. புளிப்பில் சிவக்கும், காரத்தில் நீலமாகிப் பிறகு பச்சைக்குத் திரும்பும். சிறு கிண்ணத்தில் பிசைந்த கிழங்கை எடுத்து ஒரு சிட்டிகை சோடாவைத் தூவினேன். தூள் விழுந்த புள்ளிகளைச் சுற்றி முதலில் நீல வளையம் படர்ந்து, கலக்கக் கலக்க முழுதும் குளத்துப் பாசி நிறத்துக்கு வந்தது. எலுமிச்சைச் சாறு விட்டதும் அதே கிண்ணம் நுரைத்துச் சிவந்தது. பிள்ளைகள் கிண்ணத்தை விட்டு நகரவில்லை.

ஆகவே சோடாவை அறவே விட்டு, இரண்டு தேக்கரண்டி பேக்கிங் பவுடர் மட்டும் போட்டேன். தயிரோடு ஒரு கரண்டி எலுமிச்சைச் சாறும் சேர்த்தேன். கருப்பட்டியின் கறுப்பு ஊதாவை மறைத்துவிடும் என்பதால் வெள்ளைச் சீனி. வெட்டிய துண்டு நாவற்பழ நிறத்தில் இருந்தது, ஆனால் மேல் தோல் சோகையாக வெளுத்திருந்தது. சோடாவின் காரம் இருந்தால்தான் தோல் நன்றாகச் சிவக்கும். நிறத்தில் இது வென்றாலும் ருசியில் வெள்ளைக் கிழங்குக்கும் கருப்பட்டிக்கும்தான் என் வாக்கு.

பிப்ரவரி 2, 2025, ஞாயிறு

மைதாவில் மூன்றில் ஒரு பங்கைக் குறைத்துக் கோதுமை மாவு போட்டேன். சக்கி ஆட்டா நீரை நிறையக் குடிக்கும் என்பதால் தயிரை 150 கிராமாக உயர்த்தி, கலந்த மாவைச் சட்டியில் ஐந்து நிமிடம் மட்டும் ஊறவிட்டு ஓவனில் வைத்தேன். பாதிக்குப் பாதி கோதுமை போடச் சிலர் சொல்கிறார்கள்; நம் வறண்ட கிழங்கோடு அது தாங்காது, மூன்றில் ஒன்றே எல்லை.

நம் ஊர் வெப்பத்தில் இந்த ரொட்டி வெளியே இரண்டு நாள்தான் தாங்கும். அதற்கு மேல் குளிரில் வைத்து, தின்னும்போது தோசைக்கல்லில் துளி நெய் விட்டு இரு பக்கமும் வாட்டினால் ஓரத்தில் கருப்பட்டி மீண்டும் முறுகுகிறது. அத்தைக்கு இனிப்பு கொஞ்சம் தூக்கல். கிழங்கை ஒன்றரை மணி நேரம் சுடுவதால் கருப்பட்டியை 120 கிராமாகக் குறைத்தாலும் குறை தெரியாது. சாக்கில் மிஞ்சியிருப்பதை அந்த அளவில் சுடப்போகிறேன்.