மேகம் வந்தால் காணாமல் போகும் பூச்சி

பட்டாம்பூச்சி என்றாலே பளபளப்பை எதிர்பார்க்கும் ஆட்களிடம் எரேபியா என்ற பட்டாம்பூச்சி வகையின் படத்தைக் காட்டினால் "இவ்வளவுதானா?" என்பார்கள். காப்பிப்பொடி நிறம். சிறகோரத்தில் செம்மண் பட்டை, அதற்குள் மையால் வைத்தது போலக் கரும்புள்ளிகள். சிலதில் நடுவே ஒரு வெள்ளை மினுக்கு. எனக்கு அதுவே போதும்!

1816-இல் ஸ்வீடன் பூச்சியியலாளர் டால்மன் வைத்த பெயர். கிரேக்கப் புராணத்தில் எரெபஸ் என்றால் இருள். ஆனால் வெயில் இல்லாமல் இதற்குப் பிழைப்பே கிடையாது. ஆல்ப்ஸ் மாதிரிக் குளிர்மலைகளில் அந்தக் கருஞ்சிறகை வெயிலுக்கு விரித்து வைத்துத்தான் உடம்பைச் சூடேற்றிக்கொள்ளும். ஒரு மேகம் மறைத்தால் போதும், பொத்தென்று புல்லுக்குள் இறங்கிவிடும்.

அங்கே கோடை அத்தனை குட்டை. அதனால் சில இனங்களின் புழு, புல்லைத் தின்று வளர்ந்து முடிக்கவே இரண்டு வருஷம் ஆகிறது. சிறகு வந்த பிறகோ, சில வாரம்தான்.